தன்னார்வப் பயிலும் வட்டம்: அரசுப் பணிக்குப் போவதா என்று முடிவெடுக்க ஏற்ற இடமா?

தமிழ்நாட்டின் ஒவ்வொரு மாவட்டத்திலும் வேலைவாய்ப்பு மற்றும் தொழில்நெறி வழிகாட்டும் மையம் ஒன்று இருக்கிறது. மக்கள் பேச்சில் அது இன்றும் எம்ப்ளாய்மென்ட் ஆபீஸ்தான். பத்தாம் வகுப்பும் பன்னிரண்டாம் வகுப்பும் முடித்த கையோடு பதிவு அட்டைக்காக அங்கே வரிசையில் நின்ற தலைமுறைக்கு அந்தக் கட்டடம் நன்றாகவே நினைவிருக்கும். பதிவு இணையத்துக்கு மாறிய பிறகு இளைஞர்கள் அங்கே போகக் காரணம் குறைந்துவிட்டது. ஆயினும் அதே வளாகத்தில், மாடியிலோ பின்கட்டுக் கூடத்திலோ, தன்னார்வப் பயிலும் வட்டம் என்ற பெயரில் போட்டித் தேர்வுகளுக்கான பயிற்சி கட்டணமின்றி நடந்துவருகிறது. இந்த மதிப்புரை அந்தச் சேவையைப் பற்றியது.

நான் ஒரு கலைக் கல்லூரியில் பாடம் நடத்துகிறேன். ஆண்டுதோறும் மூன்றாம் ஆண்டு மாணவர்கள் கேட்கும் கேள்விகளில் முதன்மையானது, "குரூப் தேர்வுக்குப் படிக்கலாமா, எந்த மையத்தில் சேரலாம்?" என்பது. குரூப் தேர்வு என்பது மாநில அரசுப் பணிகளுக்காகத் தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையம் நடத்தும் தேர்வு. இரண்டு கேள்விகளை ஒன்றாக்கி மாணவர்கள் கேட்கிறார்கள். முதலாவதற்கு விடை தெரியாமலே இரண்டாவதற்கு விடை தேடுகிறார்கள். அதனால் எங்கள் மாவட்டத்துப் பயிலும் வட்டத்தின் வகுப்புகளில் மாணவர்களோடு நானும் போய் உட்கார்ந்து பார்த்தேன். ஒப்பிட்டுப் பார்ப்பதற்காக, கட்டணம் வாங்கும் மையம் ஒன்றின் அறிமுக வகுப்புக்கும் சென்றேன். எத்தனை பேரைத் தேர்ச்சி பெற வைக்கிறது என்ற ஒரே அளவுகோலை இங்கே நான் கைக்கொள்ளவில்லை. அதற்குக் காரணம் உண்டு.

2024-ஆம் ஆண்டு குரூப் 4 தேர்வு 6,244 இடங்களுக்கு அறிவிக்கப்பட்டது. விண்ணப்பித்தவர்கள் 20 இலட்சத்துக்கும் மேல். இடங்களின் எண்ணிக்கை பின்னர் உயர்த்தப்பட்டது என்றாலும் அதனால் விகிதம் பெரிதாக மாறிவிடவில்லை. அதே ஆண்டு குரூப் 1 தேர்வில் 90 இடங்களுக்கு 2 இலட்சத்துக்கும் மேற்பட்டோர் விண்ணப்பித்தனர். இந்தக் கணக்கின்படி எந்தப் பயிற்சி மையமும், அது எவ்வளவு சிறந்ததாக இருந்தாலும், தன் வகுப்பறையில் அமர்ந்திருப்பவர்களில் பெரும்பாலோருக்கு வேலை வாங்கித் தர இயலாது. எனவே தேர்வாகாத அந்தப் பெரும்பான்மையினரிடம் மையம் எதை விட்டுச் செல்கிறது, அவர்களிடமிருந்து எதை எடுத்துக்கொள்கிறது என்பதைத்தான் ஒரு பயிற்சிச் சேவையை எடைபோடுகிறவர் முதலில் பார்க்க வேண்டும். அந்த வகையில் பயிலும் வட்டம், தன் குறைகள் எல்லாவற்றோடும், பட்டம் பெற்ற ஒருவர் முதலில் போக வேண்டிய இடம் என்பது என் கருத்து.

சேர்வது எளிது. தேர்வு அறிவிக்கை வெளியானதும் மாவட்ட ஆட்சியரின் செய்திக்குறிப்பாக நாளிதழ்களில் பயிற்சி வகுப்பின் தொடக்க நாள் வரும். ஆதார் நகல், புகைப்படம், தேர்வுக்கு விண்ணப்பித்ததற்கான சான்று ஆகியவற்றோடு நேரில் போனால் பெயரை எழுதிக்கொள்கிறார்கள். நுழைவுத் தேர்வு இல்லை, முன்பணம் இல்லை, அசல் சான்றிதழை வாங்கி வைத்துக்கொள்ளும் வழக்கமும் இல்லை. இடையில் நின்றுவிட்டால் ஏன் என்று கேட்க யாரும் இல்லை. இந்தக் கடைசி வசதியைப் பலர் குறையாகச் சொல்வார்கள். எனக்கு அதுவே இச்சேவையின் மிகப் பெரிய நிறையாகத் தோன்றுகிறது. அதற்குப் பின்னர் வருகிறேன்.

வகுப்புகளின் தரம் பாடத்துக்குப் பாடம் மாறுகிறது. குரூப் 4 தேர்வில் 200 வினாக்கள், 300 மதிப்பெண்கள். அவற்றில் 100 வினாக்கள் தமிழ், 75 பொது அறிவு, 25 திறனறிவு. தமிழ்ப் பகுதியில் 40 விழுக்காடு பெறாதவரின் மற்ற விடைகள் மதிப்பிடப்படுவதே இல்லை. 2021 டிசம்பரில் வெளியான அரசாணைக்குப் பின் வந்த நடைமுறை இது. ஆகவே தமிழ் ஆசிரியர் எப்படி என்பதே முதல் கேள்வி. நான் கேட்ட தமிழ் வகுப்புகளை ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர் ஒருவர் நடத்தினார். ஆறாம் வகுப்பு முதல் பன்னிரண்டாம் வகுப்பு வரையிலான பாடநூல்களில் எந்தச் செய்யுள் எந்த இயலில் வருகிறது, எந்த நூல்வெளிக் குறிப்பிலிருந்து வினா எழும் என்பதெல்லாம் அவருக்கு மனப்பாடம். ஆங்கில வழியில் படித்து வந்த மாணவி ஒருத்தி, புணர்ச்சி விதிகளை முதன்முறையாக அங்கேதான் புரிந்துகொண்டதாகச் சொன்னாள். கட்டண மையத்தில் நான் பார்த்த தமிழ் வகுப்பு இதன் பக்கத்தில்கூட வர முடியாது. அங்கே குறுக்குவழி வாய்பாடுகளைத் திரையில் ஓடவிட்டார்கள்.

திறனறிவுப் பாடம் அப்படியே தலைகீழ். தனிவட்டி, கூட்டுவட்டி, மீப்பெரு பொது வகுத்தி, காலமும் வேலையும் என்று பாடத்திட்டத்தின் தலைப்புகளை வரிசையாகத் தொட்டுவிட்டு, ஒவ்வொன்றிலும் இரண்டு கணக்குகளோடு நகர்ந்துவிட்டார்கள். கணிதம் படித்தவர்களுக்கு அது போதும். வரலாறோ தமிழோ படித்து வந்தவர்களுக்குப் போதாது. பொது அறிவில் இந்திய அரசமைப்பு வகுப்பு நன்றாக இருந்தது, பொருளாதாரம் சுமார், அறிவியல் வெறும் குறிப்பு வாசிப்பு. ஆசிரியர்கள் மதிப்பூதியத்துக்கு வருகிறவர்கள். யார் கிடைக்கிறார்கள் என்பதைப் பொறுத்தே மாவட்டத்துக்கு மாவட்டம் இந்த நிலை வேறுபடும். வகுப்பில் விடுபடுவதை ஈடுகட்ட வேலைவாய்ப்பு மற்றும் பயிற்சித் துறையே நடத்தும் மெய்நிகர் கற்றல் இணையதளம் இருக்கிறது. பாடக்குறிப்புகளும் காணொளிகளும் அங்கே கட்டணமின்றிக் கிடைக்கின்றன. தமிழ்நாடு அரசின் பயிற்சி நிறுவனமான அண்ணா மேலாண்மை நிலையத்தின் யூடியூப் அலைவரிசையையும் இதோடு சேர்த்துக்கொள்ளலாம்.

ஆனால் அங்கே நான் கண்ட உண்மையான மதிப்பு, பாடவேளையில் அல்ல, இடைவேளையில் கிடைத்தது. வகுப்பெடுக்க வருகிறவர்களில் சிலர் ஏற்கெனவே பணியில் இருப்பவர்கள்: ஒருவர் கிராம நிர்வாக அலுவலர், ஒருவர் கூட்டுறவுத் துறையில் முதுநிலை ஆய்வாளர், ஒருவர் ஆட்சியர் அலுவலகத்தில் உதவியாளர். தேநீர்க் கடையில் அவர்களைச் சுற்றி நின்று கேட்ட மாணவர்களுக்குக் கிடைத்த தகவல், எந்த வழிகாட்டிப் புத்தகத்திலும் நான் பார்க்காதது.

கிராம நிர்வாக அலுவலர் பணியையே எடுத்துக்கொள்வோம். 1980 நவம்பரில் ஊர்க் கணக்கரான கர்ணமும் ஊர்த் தலைவரான மணியக்காரரும் பரம்பரையாக வரும் முறை ஒழிக்கப்பட்டு, அதன் இடத்தில் தேர்வின் வழியே ஆட்களை எடுக்கத் தொடங்கியபோது உருவான பதவி இது. சொந்த மாவட்டத்தில், சொந்த ஊருக்குப் பக்கத்தில் வேலை, ஊருக்குள் ஒரு மரியாதை என்ற எண்ணத்தில்தான் பெரும்பாலோர் இதை விரும்புகிறார்கள். அந்த அலுவலரோ தம் வேலையை ஆண்டுச் சக்கரமாக விவரித்தார். ஜூலை முதல் நாள் புதிய பசலி, அதாவது வருவாய்த் துறையின் கணக்கு ஆண்டு, பிறக்கிறது. வயல் வயலாகப் போய்ப் பயிரைப் பார்த்து, அடங்கல் என்னும் பயிர்ப் பதிவேட்டில் ஏற்ற வேண்டும். மழைக்காலம் வந்தால் ஏரிக்கரையிலும் நிவாரண முகாமிலும் இரவைக் கழிக்க வேண்டும். கோடையில் ஜமாபந்தி எனப்படும் வருவாய்த் தீர்வாயத்துக்கு, அதாவது ஆண்டுக் கணக்குத் தணிக்கைக்கு, ஊர்க் கணக்குகள் அத்தனையும் சரியாக இருக்க வேண்டும். இவற்றுக்கு நடுவே சாதிச் சான்று, வருமானச் சான்று, பட்டா மாறுதல் என்று இ-சேவை வழியாக வந்து குவியும் விண்ணப்பங்களுக்கு முதல் விசாரணை அறிக்கை அவருடையதே. தேர்தல் வந்தால் அதுவும் தலையில்தான். பணியாற்றும் கிராமத்திலேயே குடியிருக்க வேண்டும் என்ற விதியையும் அவர் நினைவூட்டினார்.

ஒரு மாணவி ஆபத்தைப் பற்றிக் கேட்டாள். 2023 ஏப்ரலில் தூத்துக்குடி மாவட்டம் முறப்பநாட்டில், மணல் கடத்தலுக்கு எதிராகப் புகார் கொடுத்த கிராம நிர்வாக அலுவலர் தம் அலுவலகத்திலேயே வெட்டிக் கொல்லப்பட்டதை அவர் மறைக்காமல் சொன்னார். எல்லா ஊரிலும் அப்படி இல்லை என்றும், ஆனால் ஆற்றுப்படுகை ஓரக் கிராமம் ஒதுக்கப்பட்டால் தன் மேலதிகாரி யார், காவல் நிலையம் எவ்வளவு தூரம் என்பதை முதல் வாரத்திலேயே தெரிந்துகொள்ள வேண்டும் என்றும் கூறினார். அதைக் கேட்டுவிட்டு ஒரு மாணவன் இளநிலை உதவியாளர் பதவியே போதும் என்று தீர்மானித்தான். கேள்வி கேட்ட மாணவியோ கிராம நிர்வாக அலுவலர்தான் வேண்டும் என்று முன்னிலும் உறுதியாகச் சொன்னாள். இருவரும் எடுத்த முடிவுகளில் எது சரி என்று நான் சொல்ல மாட்டேன். வேலை என்னவென்று தெரிந்துகொண்டு எடுத்த முடிவுகள் அவை.

வருத்தம் என்னவென்றால், இந்த உரையாடல் நேர அட்டவணையில் இல்லை. தொழில்நெறி வழிகாட்டல் என்பது அலுவலகத்தின் பெயரிலேயே இருந்தும், பயிற்சி வகுப்பு தொடங்கிய முதல் நாள் முதல் கடைசி மாதிரித் தேர்வு வரை, "இந்தப் பதவியில் சேர்ந்தவரின் ஒரு நாள் எப்படி இருக்கும்?" என்று விளக்கும் ஒரு வகுப்புகூட நான் பார்த்த மையத்தில் திட்டமிடப்படவில்லை. வாரத்துக்கு ஒரு மணி நேரம், ஒரு துறையிலிருந்து ஒருவர் என்று ஏற்பாடு செய்வது அதே வளாகத்துக்கும் ஆட்சியர் அலுவலகத்துக்கும் கடினமான காரியம் அல்ல. சார்பதிவாளரையும், சிறைத் துறை நன்னடத்தை அலுவலரையும், நகராட்சி ஆணையரையும் மாணவர்கள் குரூப் 2 அறிவிக்கையின் அட்டவணையில் பதவிப் பெயராக மட்டுமே பார்க்கிறார்கள். விருப்ப வரிசையில் எந்தப் பதவியைக் கேட்பது என்பதையோ சம்பள நிலையை வைத்து முடிவு செய்கிறார்கள்.

சம்பளம் பற்றியும் ஒரு சொல். இளநிலை உதவியாளர், கிராம நிர்வாக அலுவலர் பதவிகளின் ஊதிய நிலை 19,500 முதல் 71,900 ரூபாய் வரை. குரூப் 1 பதவிகளுக்கு 56,100-இல் தொடங்குகிறது. அகவிலைப்படியும் வீட்டு வாடகைப்படியும் தனி. இதைப் பயிலும் வட்டத்தில் அடக்கமாகச் சொன்னார்கள். கட்டண மையத்தின் அறிமுக வகுப்பில் எல்லாப் படிகளையும் கூட்டி, எதிர்காலப் பதவி உயர்வையும் ஏற்றி, ஒரு பெரிய தொகையைத் திரையில் காட்டினார்கள். 2003 ஏப்ரல் 1 முதல் பணியில் சேர்ந்தவர்களுக்குப் பழைய ஓய்வூதிய முறை பொருந்தாது என்பதையும், பதவி உயர்வு கிடைக்க மே மாதமும் டிசம்பர் மாதமும் நடக்கும் துறைத் தேர்வுகளில் தேற வேண்டியிருக்கும் என்பதையும் அங்கே எவரும் வாய் திறக்கவில்லை. பெயர் சொல்லத் தேவையில்லாத அந்த மையத்தின் வாசலில், சாதித்தவர்களின் படங்களோடு ஆளுயரப் பதாகை நின்றது. அவற்றில் ஓரிரு முகங்களை அதே சாலையில் இன்னொரு மையத்தின் பதாகையிலும் பார்த்தேன். மாதிரி நேர்முகத் தேர்வுக்கு ஒரு நாள் வந்துபோனவரையும் தம் மாணவர் என்று சொல்லிக்கொள்ளும் வழக்கம் இத்தொழிலில் உண்டு என்று பிறகு தெரிந்தது.

கட்டண மையங்களை முற்றாக ஒதுக்கும் எண்ணம் எனக்கு இல்லை. ஒழுங்கான நேர அட்டவணை, நாள்தோறும் தேர்வு, மதிப்பெண் அட்டவணை, வராவிட்டால் வீட்டுக்குத் தொலைபேசி என்பன சிலருக்குத் தேவை. முடிவெடுத்தவர்களுக்கு அவை உதவும். முடிவெடுக்காதவருக்கு அவையே விலங்காகின்றன. வீட்டில் நகையை அடகு வைத்துக் கட்டிய பணம் ஒரு இளைஞனை இந்தப் பாதையில் தொடர வைக்கும் அளவுக்கு, அந்த வேலையின் மீதான விருப்பம்கூடத் தொடர வைப்பதில்லை. ஆறு மாதத்தில் இது நமக்கு ஒத்துவராது என்று உணர்ந்த பிறகும், கட்டியது வீணாகக் கூடாது என்பதற்காக அடுத்த அறிவிக்கைக்குக் காத்திருக்கும் பழைய மாணவர்களை நான் ஆண்டுதோறும் சந்திக்கிறேன். பயிலும் வட்டத்தில் சேர்ந்து, ஒரு பருவம் படித்து, ஒரு தேர்வை எழுதிப் பார்த்து, பிடிக்கவில்லை என்றால் யாருக்கும் கணக்குச் சொல்லாமல் வெளியேறலாம். நான் முன்பே நிறையாகக் குறித்தது இதைத்தான்.

வெளியேறும் வாசல் ஏன் அவ்வளவு முக்கியம் என்பதற்குத் தேர்வாணையத்தின் காலக்கணக்கே சான்று. 2022 பிப்ரவரியில் அறிவிக்கப்பட்ட குரூப் 2 தேர்வின் முதல்நிலை அவ்வாண்டு மே 21-இல் நடந்தது. முதன்மைத் தேர்வு 2023 பிப்ரவரி 25-இல். அதன் முடிவு 2024 ஜனவரியில்தான் வந்தது. அந்த அறிவிக்கையின்போது இருபத்திரண்டு வயதில் இருந்த ஒருவர், முடிவு தெரியும்போது இருபத்து நான்கை எட்டியிருப்பார். பிந்தைய தேர்வுகளில் வேகம் கூடியிருக்கிறது. 2024 ஜூன் 9-இல் நடந்த குரூப் 4 தேர்வின் முடிவு அக்டோபர் 28-ஆம் நாளே வெளியானது, குரூப் 2 பதவிகளுக்கு இருந்த நேர்முகத் தேர்வும் நீக்கப்பட்டுவிட்டது. இருந்தாலும் ஒரு சுற்றுக்கு ஓராண்டு என்று வைத்துக்கொள்வதே பாதுகாப்பு. இன்னொரு புறம், பிற்படுத்தப்பட்ட, மிகவும் பிற்படுத்தப்பட்ட, பட்டியலின, பழங்குடி வகுப்பினருக்குக் குரூப் 2 தொகுதியின் பெரும்பாலான பதவிகளுக்கு உச்ச வயது வரம்பே இல்லை; அறுபது நிறையாதவராக இருந்தால் போதும். தாமதமாகப் படித்து முன்னேறும் குடும்பங்களுக்கு இந்தச் சலுகை நியாயமானது, தேவையானது. ஆனால் நிறுத்த வேண்டிய இடத்தை விதி சொல்லாதபோது அதைத் தேர்வர் தாமே குறித்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. இரண்டு குரூப் 2, இரண்டு குரூப் 4 எழுதிவிட்டு, தகுதி மதிப்பெண்ணுக்கு எவ்வளவு அருகில் வந்தோம் என்று பார்த்துத் தொடர்வதா நிறுத்துவதா என்று தீர்மானிக்கலாம் என்று என் மாணவர்களிடம் சொல்லி வருகிறேன்.

பயிலும் வட்டத்தின் நூலகம் கணிசமானது. பாடநூல்கள் ஆறு முதல் பன்னிரண்டு வரை முழுத் தொகுதியாக இருந்தன. ஆனால் ஒரே தொகுதி என்பதால் பத்தாம் வகுப்புச் சமூக அறிவியலுக்கு எப்போதும் போட்டி. நாளிதழ்கள் வருகின்றன. மின்விசிறிகளில் சில சுழலவில்லை. பெண்களுக்கான கழிப்பறையின் சாவி அலுவலகத்தில் கேட்டு வாங்க வேண்டியதாக இருந்தது, இதைத் திருத்த ஒரு நாள் போதும். சென்னைக்காரர்களுக்கு இந்தக் குறையே இராது: கோட்டூர்புரத்தில் 2010-இல் திறக்கப்பட்ட அண்ணா நூற்றாண்டு நூலகத்தில் சொந்தப் புத்தகத்தோடு அமர்ந்து படிக்கத் தனிப் பகுதி உண்டு. மதுரையில் 2023 ஜூலையில் திறக்கப்பட்ட கலைஞர் நூற்றாண்டு நூலகமும் அப்படியே. மாவட்டத் தலைநகரிலிருந்து பேருந்தில் ஒன்றரை மணி நேரம் தள்ளி இருப்பவருக்கு இந்த ஆறுதல்கள் எட்டாதவை.

மாதிரித் தேர்வுகள் வாரந்தோறும் நடந்தன. விடைத்தாளைத் தேர்வாணையத்தின் விடைத்தாள் போலவே அச்சிட்டு, கருப்பு மைப் பேனாவால் வட்டங்களை நிரப்பப் பழக்கினார்கள். நான்கு விடைகளுக்கு அப்பால் 'விடை தெரியவில்லை' என்பதற்கான ஐந்தாவது வட்டத்தை நிரப்ப வேண்டும் என்பதையும், எந்த வினாவையும் வெறுமனே விட்டுவிடக் கூடாது என்பதையும் புதியவர்கள் இங்கேதான் கற்றுக்கொள்கிறார்கள். தவறான விடைக்கு மதிப்பெண் குறைப்பு இல்லாத தேர்வில் இந்த ஐந்தாவது வட்டத்தை யார்தான் நிரப்புவார்கள் என்று ஒரு மாணவன் கேட்டது நியாயமான கேள்வி. மதிப்பிட்ட விடைத்தாளைத் திருப்பிக் கொடுத்தார்களே தவிர, எந்தப் பகுதியில் யார் பின்தங்குகிறார் என்ற அலசல் இல்லை. அதை மாணவர்கள் தாங்களே செய்துகொள்ள வேண்டியிருந்தது.

வகுப்பு நேரம் பெரிய குறை. வேலை நாட்களில் காலை பத்து மணிக்குத் தொடங்கி நண்பகலுக்குப் பின் முடியும் வகுப்புக்கு, கடையிலோ பின்னலாடை ஆலையிலோ வேலை பார்த்துக்கொண்டு படிக்கும் பட்டதாரி வர முடியாது. இலவசப் பயிற்சி யாருக்கு மிகத் தேவையோ அவர்களே இதனால் விடுபடுகிறார்கள். சனி, ஞாயிறு வகுப்புகள் நடத்தும் மாவட்டங்களும் உண்டு. எல்லா இடத்திலும் அதுவே விதியாக வேண்டும். வேலைவாய்ப்பு முகாம் நடக்கும் வாரத்தில் அலுவலர்கள் அனைவரும் அங்கே போய்விடுவதால் வகுப்பு தள்ளிப்போவதும் இருக்கிறது. அறிவிக்கை வந்த பிறகே வகுப்பு தொடங்குவதால் பாடத்திட்டத்தை முடிக்கும் அவசரம் கடைசி வாரங்களில் வெளிப்படையாகத் தெரிந்தது. தேர்வாணையம் ஆண்டுத் திட்டத்தை முன்கூட்டியே வெளியிடும்போது வகுப்பையும் அதற்கேற்ப முன்னால் தொடங்கத் தடை என்ன என்று எனக்குப் புரியவில்லை.

இந்தச் சேவை யாருக்குப் பொருந்தாது என்பதையும் சொல்ல வேண்டும். ஒன்றியக் குடிமைப் பணித் தேர்வை மனத்தில் வைத்திருப்பவர் இங்கே நேரத்தைச் செலவிட வேண்டாம். முதன்மைத் தேர்வின் எழுத்துத் தாள்களுக்கு 1,750, ஆளுமைத் தேர்வுக்கு 275 என்று மொத்தம் 2,025 மதிப்பெண்களுக்கு நடக்கும் அந்தத் தேர்வுக்குக் கட்டுரை எழுதும் பயிற்சி வேண்டும், அது இங்கே இல்லை. அவர்களுக்குச் சென்னை கிரீன்வேஸ் சாலையில் தமிழ்நாடு அரசு நடத்தும் அகில இந்தியக் குடிமைப் பணித் தேர்வுப் பயிற்சி மையம் இருக்கிறது. நுழைவுத் தேர்வில் தேறினால் அங்கே தங்கிப் படிக்கலாம். நான் முதல்வன் திட்டத்தில், மதிப்பீட்டுத் தேர்வின் வழியே தேர்ந்தெடுக்கப்படும் 1,000 பேருக்கு முதல்நிலைத் தேர்வுக்குத் தயாராக மாதம் 7,500 ரூபாய் வீதம் பத்து மாதங்களுக்கும், முதல்நிலையில் தேறியவர்களுக்கு 25,000 ரூபாயும் ஊக்கத்தொகை தரப்படுகிறது. பொதுப் பிரிவினருக்கு ஆறு, இதர பிற்படுத்தப்பட்டோருக்கு ஒன்பது என்று முயற்சிகளுக்கு எல்லை வகுத்திருப்பது, அந்தத் தேர்வைப் பொறுத்தவரை நான் மேலே சொன்ன சிக்கலை ஓரளவு தீர்த்துவிடுகிறது. பணியாளர் தேர்வு ஆணையத்தின் (எஸ்.எஸ்.சி.) ஒன்றிய அரசுத் தேர்வுகளுக்கும் பயிலும் வட்டத்தின் கணிதமும் ஆங்கிலமும் போதுமானவை அல்ல.

பயிலும் வட்டத்தில் யாரும் சொல்லித் தராத, ஆனால் அதோடு சேர்த்துச் செய்யத்தக்க ஒன்று தட்டச்சு. மாவட்டத் தலைநகரங்களின் தெருக்களில் இன்றும் ஓசையோடு இயங்கும் தட்டச்சுப் பயிலகங்களில் காலையில் ஒரு மணி நேரம் தமிழும் ஒரு மணி நேரம் ஆங்கிலமும் பழகி, தொழில்நுட்பக் கல்வி இயக்ககத்தின் இளநிலை, முதுநிலைத் தேர்வுகளை எழுதிவிட்டால், குரூப் 4 தொகுதியின் தட்டச்சர் பதவிக்குத் தகுதி வந்துவிடுகிறது. அந்தத் தகுதியுள்ளவர்கள் குறைவு என்பதால் அங்கே தகுதி மதிப்பெண் வழக்கமாகச் சற்றுத் தாழ்ந்தே நிற்கிறது. மொழிப்பாடம் படித்து, கணக்கில் தடுமாறும் மாணவர்களுக்கு இதை நான் தவறாமல் சொல்வேன். அரசு வேலை கிடைக்காவிட்டாலும் வழக்கறிஞர் அலுவலகத்திலோ ஆவண எழுத்தரிடமோ அந்தச் சான்றிதழுக்கு வேலை உண்டு.

இன்னொரு தவறான எண்ணத்தையும் களைய வேண்டும். வேலைவாய்ப்பு அலுவலகப் பதிவு மூப்பின் அடிப்படையில் என்றேனும் அழைப்பு வரும் என்று நம்பியிருக்கும் பெற்றோர் இன்றும் உண்டு. அரசுப் பணியிடங்களில் பெரும்பகுதி இப்போது போட்டித் தேர்வுகளின் வழியேதான் நிரப்பப்படுகிறது. பதிவு செய்து ஐந்தாண்டு காத்திருந்த, குடும்ப வருமான வரம்புக்கு உட்பட்ட பட்டதாரிக்கு மாதம் 600 ரூபாய் உதவித்தொகை என்பதே அந்தப் பதிவின் கண்ணுக்குத் தெரியும் பயன். பதிவைப் புதுப்பித்துக்கொள்ளலாம். அதை நம்பி வீட்டில் உட்கார வேண்டாம்.

மதிப்பிட்டுச் சொல்வதானால், தமிழுக்கும் அரசமைப்புக்கும் பயிலும் வட்டத்தை நம்பலாம்; திறனறிவுக்கு வேறு வழி பார்த்துக்கொள்ள வேண்டும்; பணியில் இருப்பவர்களோடு பேசும் வாய்ப்புக்காக மட்டுமே அங்கே போனாலும் பயணச் செலவு வீணாகாது. கல்லூரி இறுதியாண்டு மாணவர்கள் பட்டம் கையில் வரும்வரை காத்திருக்கத் தேவையில்லை. குரூப் 4 தேர்வுக்குப் பத்தாம் வகுப்புத் தேர்ச்சியே குறைந்தபட்சத் தகுதி. பெரும்பாலான பதவிகளுக்குப் பதினெட்டு வயதும் கிராம நிர்வாக அலுவலர் பதவிக்கு இருபத்தொன்றும் நிறைந்திருந்தால் விண்ணப்பிக்கலாம். தேர்வாணையத்தின் ஒருமுறைப் பதிவுக்குக் கட்டணம் 150 ரூபாய், ஐந்தாண்டு செல்லும். பழைய வினாத்தாள்கள் தேர்வாணையத்தின் இணையதளத்திலேயே கிடைக்கின்றன; ஒன்றைப் பதிவிறக்கி, மூன்று மணி நேரம் கடிகாரத்தை வைத்து வீட்டில் எழுதிப் பார்த்துவிட்டு, பிழையான வினாக்களின் பட்டியலோடு முதல் வகுப்புக்குப் போகிறவருக்கு, எந்த ஆசிரியரிடம் எதைக் கேட்க வேண்டும் என்பது முன்பே தெரிந்திருக்கும்.